‘நில்’ என்னும் ஆணை

பெருநகரங்களில் வாழும் நமக்குப் பழகிப்போன காட்சி ஒன்று உண்டு. சாலையோரத்தில் நான்கு மாடி உயரத்திற்குத் தூண்கள் எழும்பி நிற்கும். அவற்றின் தலையில் கம்பிகள் துருவேறி நீட்டிக்கொண்டிருக்கும். மணல் குவியலின்மேல் புல் முளைத்திருக்கும். வேலை நடக்கும் அரவம் இராது. ‘ஏன் பாதியில் நிற்கிறது?’ என்று கேட்டால், அருகிலுள்ள தேநீர்க் கடைக்காரர் தயங்காமல் விடை சொல்வார்: “கோர்ட்டில் தடை வாங்கிவிட்டார்கள்.”

அவ்வாறு நிற்கும் கட்டடங்கள் எல்லாம் தடையால் நிற்பவை அல்ல. பணம் இல்லாமல் நிற்பவையும் பல. ஆயினும் ‘தடை வாங்குதல்’ என்னும் தொடர் மக்கள் வாயில் நன்கு புழங்குகிறது. அதன் பொருள்தான் தெளிவாக இல்லை. தடை வாங்கியவர் வழக்கில் வென்றுவிட்டார் என்று பலர் எண்ணுகின்றனர். பணம் உள்ளவன் செய்யும் சூழ்ச்சி என்று வேறு சிலர் எண்ணுகின்றனர். நானும் என் பதினேழாம் வயது வரை முதல் கூட்டத்தில்தான் இருந்தேன்.

இயற்பியல் படிக்கும் ஒருவன் சட்டத்தைப் பற்றி எழுதுவானேன் என்று நம் மன்றத்து நண்பர்கள் கேட்கக்கூடும். நான் சட்டம் பயின்றவன் அல்லன். 2019-இல் எங்கள் குடும்பத் தொழில் ஒரு கட்டட வழக்கில் அகப்பட்டுக்கொண்டது. அப்பாவுக்கும் பெரியப்பாவுக்கும் ஆங்கிலத் தாள்களைப் படித்துச் சொல்லும் பொறுப்பு என் தலையில் விழுந்தது. அன்று கட்டாயத்தால் படித்ததைப் பின்னர் விருப்பத்தால் தொடர்ந்து படித்தேன். அதனை இங்கே இயன்ற அளவு எளிமையாகச் சொல்ல முயல்கிறேன்.

எங்கள் அச்சகம்

தென்காசிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து பெரியப்பா மும்பைக்கு வந்தவர். 1994-இல் புறநகர்ப் பகுதியில் ஒரு சிறு கட்டடத்தை வாங்கி அச்சகம் தொடங்கினார். பின்னர் அப்பாவும் வந்து சேர்ந்தார். திருமண அழைப்பிதழ், ரசீதுப் புத்தகம், கடை விளம்பரம் எனத் தமிழிலும் இந்தியிலும் மராத்தியிலும் அச்சிட்டுப் பிழைத்தோம். எங்களோடு நான்கு பேர் வேலை பார்த்தனர்.

அச்சகத்தை ஒட்டியிருந்த பழைய கிடங்கை ஒரு கட்டட நிறுவனம் வாங்கி இடித்தது. அங்கே கடைகளும் அலுவலகங்களும் கொண்ட உயர்ந்த மாளிகை வரப்போவதாகச் சொன்னார்கள். வண்டிகள் நிறுத்துவதற்காகத் தரைக்குக் கீழே இரண்டு தளங்கள் தோண்டத் தொடங்கினார்கள். அது ஜூன் மாதம். மழை தொடங்கிய நேரம். எங்கள் சுவரிலிருந்து ஓர் ஆள் படுக்கும் தூரத்தில் பள்ளம் நேர்குத்தாக இறங்கியது. மண் சரியாமல் தடுக்க முட்டு எதுவும் கொடுக்கவில்லை.

ஒரு நாள் காலையில், காகிதம் வெட்டும் இயந்திரத்திற்குப் பின்புறச் சுவரில் மயிரிழை போன்ற வெடிப்பு ஒன்றைக் கண்டோம். அதன் நுனியில் பென்சிலால் கோடிட்டுத் தேதி எழுதினேன். மறுநாள் வெடிப்பு கோட்டைத் தாண்டியிருந்தது. மறுபடியும் கோடிட்டேன். பக்கத்தில் அளவுகோலை வைத்து நாள்தோறும் படம் எடுத்தேன். பன்னிரண்டாம் வகுப்பு மாணவனுக்கு இருந்த ஆர்வமே அதற்குக் காரணம். அந்தப் பென்சில் கோடுகள் நீதிமன்றம் வரை செல்லும் என்று நான் நினைக்கவில்லை.

பெரியப்பா நிறுவனத்தாரிடம் இருமுறை நேரில் சென்று சொன்னார். “பார்க்கிறோம்” என்றார்கள். பள்ளம் மேலும் ஆழமாயிற்று. அதன்பின் மாதுங்காவில் இருந்த தமிழ் வக்கீல் ஒருவரைத் தேடிச் சென்றோம்.

தடையாணை என்பது யாது?

ஒருவர் ஒரு செயலைச் செய்யக் கூடாது என்றோ, ஒன்றைச் செய்தே ஆக வேண்டும் என்றோ நீதிமன்றம் அவருக்கு இடும் கட்டளையே தடையாணை. சட்டத் தமிழில் இதனை ‘உறுத்துக் கட்டளை’ என்பர். இங்கிலாந்தில் பொதுச் சட்ட மன்றங்கள் பெரும்பாலும் பணத்தையே ஈடாக வாங்கித் தந்தன. பணத்தால் தீராத குறைகளுக்கு மக்கள் சான்சரி நீதிமன்றத்தை நாடினர். அங்கே வளர்ந்த முறை நம் நாட்டிற்கும் வந்தது. 1877-இல் தனிநிலைத் தீர்வுச் சட்டம் இயற்றப்பட்டது. அதன் இடத்தில் 1963-இல் புதிய சட்டம் வந்தது. இன்றும் அதுவே திருத்தங்களுடன் வழங்குகிறது.

தடையாணையைக் கால அளவால் இரண்டாகப் பிரிக்கலாம். வழக்கு முழுதும் விசாரிக்கப்பட்டுத் தீர்ப்போடு வருவது நிரந்தரத் தடை. வழக்கு நடக்கும் காலத்திற்கு மட்டும் வருவது தற்காலிகத் தடை. பின்னது 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39-ஆம் கட்டளையில் உள்ளது. தேநீர்க் கடைக்காரர் சொல்லும் ‘தடை’ பெரும்பாலும் இந்தத் தற்காலிகத் தடையே. செயல் வகையாலும் இரண்டுண்டு. ‘தோண்டாதே’ என்பது தடுக்கும் ஆணை. ‘கட்டியதை இடித்துவிடு’ என்பது செய்விக்கும் ஆணை. வழக்கு முடியும் முன்பே செய்விக்கும் ஆணை பெறுவது மிகக் கடினம். சாதாரணத் தடைக்கு வேண்டியதைவிட வலிய ஆதாரம் அதற்கு வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1990-இல் டோராப் காவஸ்ஜி வார்டன் வழக்கில் விளக்கியது.

‘ஸ்டே’ என்பதும் இதுவும் ஒன்றல்ல. ஒரு நீதிமன்றத்தின் அல்லது அதிகாரியின் உத்தரவைச் செயற்படாமல் நிறுத்தி வைப்பது ‘ஸ்டே’. தடையாணையோ ஓர் ஆளை அல்லது நிறுவனத்தைக் கட்டுவது. இவற்றோடு, ‘உள்ளது உள்ளபடியே இருக்கட்டும்’ என்னும் உத்தரவும் சொத்து வழக்குகளில் அடிக்கடி வரும். கேட்பதற்கு எளிதாக இருக்கும். ஆனால் பாதி தோண்டிய பள்ளத்தில் ‘உள்ளபடி’ என்றால் என்ன? மழைநீரை இறைக்கலாமா, கூடாதா? முட்டுக் கொடுக்கலாமா, கூடாதா? இவற்றைத் தெளிவாக எழுதாத உத்தரவு புதிய சண்டைக்கு விதையாகும்.

உண்மை தெரியுமுன் ஒரு முடிவு

இங்கேதான் செய்தியின் உயிர்நாடி இருக்கிறது. உரிமையியல் வழக்கு முடியப் பல ஆண்டுகள் ஆகும். சாட்சிகளை விசாரிக்க வேண்டும்; குறுக்கு விசாரணை வேண்டும்; பத்திரங்களைச் சோதிக்க வேண்டும். கட்டடமோ மாதங்களில் எழுந்துவிடும். தீர்ப்பு வரும் வரை நீதிமன்றம் கையைக் கட்டிக்கொண்டிருந்தால், வென்றவன் கையில் தீர்ப்புத்தாள் இருக்கும். எதிரே பத்து மாடி இருக்கும். வழக்குத் தொடுத்தவுடனே எல்லாவற்றையும் நிறுத்திவிட்டால், பொய் வழக்குப் போட்டவனும் பல ஆண்டுகள் பிறனை முடக்கிவிடலாம்.

ஆகவே, யார் சொல்வது உண்மை என்று தெரியாத நிலையிலேயே நீதிபதி முடிவு செய்யவேண்டியிருக்கிறது. எப்படி முடிவு செய்தாலும் அது தவறாகிப்போக வாய்ப்புண்டு. தடுத்திருக்கக் கூடாததைத் தடுத்துவிடலாம். தடுத்திருக்க வேண்டியதை விட்டுவிடலாம். இவ்விரண்டு தவறுகளுள் எதனைப் பின்னால் திருத்த முடியும், எதனைத் திருத்த முடியாது என்பதே கேள்வி. தற்காலிகத் தடையின் தத்துவத்தை நான் புரிந்துகொண்டது இவ்வாறுதான்.

இதற்கென நம் நீதிமன்றங்கள் மூன்று சோதனைகளைக் கையாளுகின்றன. தல்பத்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இவற்றைத் தெளிவாகத் தொகுத்துச் சொன்னது. 1992-இல் சட்ட இதழ்களில் அத்தீர்ப்பு வெளியாயிற்று.

முதலாவது, முதல் நோக்கில் வழக்கு இருக்கிறதா என்பது. உரிமையை முழுதும் மெய்ப்பிக்க வேண்டியதில்லை. விசாரிக்கத் தக்க, நேர்மையான கேள்வி ஒன்று இருந்தால் போதும். எங்கள் வழக்கில் 1882-ஆம் ஆண்டு வசதியுரிமைச் சட்டம் துணைக்கு வந்தது. ஒருவரது நிலம் தன் இயற்கை நிலையில் அண்டை மண்ணின் தாங்குதலைப் பெறும் உரிமை உடையது என்று அச்சட்டம் கூறுகிறது. நிலத்தின்மேல் கட்டடம் இருந்தால் அதன் பாரத்திற்கும் தாங்குதல் கேட்க இயலுமா? உரிமையாக, இடையூறின்றி, 20 ஆண்டுகள் அந்தத் தாங்குதலைப் பெற்று வந்திருந்தால் கேட்கலாம். பெரியப்பா 1994-இல் வாங்கிய பத்திரமும் அதன்பின் கட்டிய வரி ரசீதுகளும் அப்போதுதான் எவ்வளவு அருமையானவை என்று தெரிந்தது. பழைய பிஸ்கட்டுத் தகரப் பெட்டியில் அவற்றை ஒன்றுவிடாமல் அவர் வைத்திருந்தார்.

இரண்டாவது, ஈடுசெய்ய முடியாத இழப்பு. இழப்பு பெரிதா சிறிதா என்பதன்று இங்கே கேள்வி. பிற்பாடு பணம் கொடுத்தால் அது சரியாகுமா என்பதே கேள்வி. நனைந்த தாள் கட்டுகளுக்கு விலை உண்டு. இயந்திரத்திற்கும் விலை உண்டு. சுவர் சாய்ந்து அதன் அடியில் வேலைக்காரர் ஒருவர் அகப்பட்டால் அதற்கு எந்த நீதிமன்றம் விலை போடும்?

வணிக உலகில் இச்சோதனை எதிர்த்திசையிலும் வேலை செய்கிறது. ஒப்பந்தக்காரர் வேலையைச் சரியாக முடிப்பதற்கு உறுதியாக வங்கி உத்தரவாதம் ஒன்றைக் கொடுத்திருப்பார். தகராறு வந்ததும் மறுதரப்பு அந்தப் பணத்தைக் கேட்கும். ‘கொடுக்காதே’ என்று வங்கிக்குத் தடை வாங்க ஒப்பந்தக்காரர் ஓடுவார். பெரும்பாலும் தடை கிடைக்காது. போனது பணம், வழக்கில் வென்றால் பணமாகவே மீளும். கடுமையான மோசடியும், மீட்கவே முடியாத அநீதியும் போன்ற அரிய நிலைகளில்தான் நீதிமன்றம் தலையிடும். 1988-இல் வெளியான உத்தரப் பிரதேசக் கூட்டுறவுச் சம்மேளன வழக்கு முதலாக உச்ச நீதிமன்றம் இக்கருத்தை வற்புறுத்தி வருகிறது.

மூன்றாவது, சாதக பாதக நிறுவை. தடை கொடுத்தால் எதிர்த்தரப்புக்கு வரும் துன்பத்தையும், கொடுக்காவிட்டால் கேட்பவருக்கு வரும் துன்பத்தையும் தட்டில் இட்டுப் பார்ப்பது. எங்களுக்கு எதிர்த்தட்டில் என்ன இருந்தது? நிறுவனத்தின் வங்கிக் கடனுக்கு வட்டி, இயந்திரங்களின் நாள் வாடகை. இவற்றைப் பற்றி எனக்கு அன்று இரக்கம் எழவில்லை. ஆனால் அந்தப் பள்ளத்தின் ஓரத்தில் தகரக் குடிசைகள் இருந்தன. தோண்டுவதற்காகப் பீகாரிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வந்த தொழிலாளர் அவற்றில் குடியிருந்தனர். வேலை நின்றால் அவர்களுக்குக் கூலி நிற்கும். நாங்களும் பிழைக்க வந்தவர்கள். அவர்களும் பிழைக்க வந்தவர்கள். வழக்கின் தலைப்பில் அவர்கள் பெயர் இல்லை.

எல்லாத் துன்பமும் தடைக்கு உரியதன்று

அண்டை வீட்டார் கட்டினால் ஏதேனும் தொல்லை வரத்தான் செய்யும். தூசு வரும், ஓசை வரும், வெளிச்சம் குறையும். அத்தனைக்கும் தடை கொடுத்தால் நகரத்தில் ஒரு செங்கல்லும் ஏறாது. இலண்டனில் கோல்ஸ் என்பவருக்கும் ‘ஹோம் அண்டு கலோனியல்’ என்னும் கடை நிறுவனத்திற்கும் நடந்த வழக்கு இதற்குப் பெயர் போனது. எதிரே கட்டடம் எழுந்தால் தங்கள் அலுவலகத்திற்கு வெளிச்சம் குறையும் என்று நிறுவனம் தடை கேட்டது. மேல்முறையீட்டு நீதிமன்றம் தடை தந்தது. 1904-இல் பிரபுக்கள் சபை அதனை நீக்கியது. முன்னிருந்த வெளிச்சம் குறைந்தது என்பது மட்டும் போதாது. சாதாரண மனிதர் வசதியாக இருந்து வேலை செய்யத் தேவையான அளவே பாதிக்கப்பட்டதா என்று பார்க்க வேண்டும் என்றது. நமது வசதியுரிமைச் சட்டமும், கணிசமான பாதிப்பு இருந்தால்தான் இழப்பீடு கேட்கலாம் என்றே சொல்கிறது.

மறுதரப்பைக் கேட்காமல் தடை உண்டா?

“நாளைக்கே தடை வாங்கிவிடலாம் அல்லவா?” என்று அப்பா கேட்டார். வக்கீல் சிரித்தார். மறுதரப்புக்கு நோட்டீசு கொடுத்து, அவர்கள் சொல்வதையும் கேட்டபின் ஆணையிடுவதே சட்டத்தின் பொது விதி. நோட்டீசு கொடுப்பதற்குள் காரியமே கெட்டுவிடும் என்றால் மட்டும் ஒருதலையாக ஆணையிடலாம். அப்போதும் நீதிபதி அதற்கான காரணத்தை எழுதியாக வேண்டும். இது வெறும் சடங்கன்று என்று 1993-இல் சிவகுமார் சட்டா வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டிப்பாகச் சொன்னது. ஒருதலை ஆணை பெற்றவர் மனுவையும் ஆவணங்களையும் உடனே மறுதரப்புக்கு அனுப்ப வேண்டும். 30 நாட்களுக்குள் அம்மனுவை முடிக்க நீதிமன்றம் முயல வேண்டும். நடைமுறையில் இந்த 30 நாள் நீண்டுவிடுவதும் உண்டு.

தன்மேல் இத்தகைய மனு வரும் என்று அஞ்சுகிறவர் முன்கூட்டியே ‘கேவியட்டு’ என்னும் முன்னறிவிப்பு மனுவைப் போட்டு வைக்கலாம். அதன் ஆயுள் 90 நாள். அதற்குள் மனு வந்தால் அவருக்கு நோட்டீசு கொடுக்க வேண்டும். எங்கள் எதிர்த்தரப்பார் அதனை முன்பே போட்டிருந்தார்கள். ஆகையால் ‘நாளைக்கே’ என்ற பேச்சுக்கு இடமில்லாது போயிற்று.

தகரச் சாய்ப்பு

அடுத்து நடந்ததை நான் மறப்பதற்கில்லை. அச்சகத்தின் பின்புறம் காகிதம் அடுக்குவதற்காகப் பெரியப்பா ஒரு தகரச் சாய்ப்பு இறக்கியிருந்தார். அதற்கு மாநகராட்சியில் அனுமதி பெறவில்லை. மனு எழுதும்போது அதைப் பற்றிச் சொல்ல வேண்டாம் என்பது அவர் கருத்து. வக்கீல் பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

“அண்ணாச்சி, நீங்கள் மறைத்தால் அவர்கள் சொல்வார்கள். அவர்கள் சொன்னால் நீங்கள் சொன்ன மற்றதும் பொய்யாகிவிடும்” என்றார்.

சட்டமும் அதுவே. தடை கேட்பவனின் நடத்தை தகாததாக இருந்தால் தடையை மறுக்கலாம் என்று 1963-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 41-ஆம் பிரிவு கூறுகிறது. முக்கியமான உண்மையை மறைத்தவனும், கண்ணெதிரே கட்டடம் எழுவதைப் பார்த்துக்கொண்டு வாளாவிருந்தவனும் இந்த உதவியை எளிதில் பெற முடியாது. உண்மை எதுவென்று இன்னும் தெரியாத நேரத்தில் நீதிபதி ஒருவனுடைய பிரமாணத்தை நம்பிப் பிறனுடைய கையைக் கட்டுகிறார். அந்த நம்பிக்கைக்குத் துரோகம் செய்தவனை அவர் விலக்குவது முறையன்றோ?

அன்றிரவு வீட்டில் சாப்பாட்டு நேரத்தில் யாரும் பேசவில்லை. காலையில் பெரியப்பா தாமே ஆட்களை அழைத்துச் சாய்ப்பைப் பிரித்துவிட்டார். சாய்ப்பு இருந்ததும் பிரித்ததும் மனுவில் எழுதப்பட்டன. எதிர்த்தரப்பு வக்கீல் அதைப் பற்றி எழுந்து பேசியபோது, நீதிபதி, “மனுவின் நான்காம் பத்தியிலேயே இருக்கிறதே” என்று சொல்லி மேலே சென்றார்.

ஆணை எப்படி வந்தது?

நீதிமன்றம் ஆணையர் ஒருவரை நியமித்தது. அவர் வக்கீல். கட்டடப் பொறியாளர் ஒருவருடன் நேரில் வந்து பார்த்தார். பள்ளத்தின் ஆழத்தை அளந்தார்கள். வெடிப்பின் குறுக்கே கண்ணாடித் துண்டுகளை ஒட்டினார்கள். சுவர் அசைந்தால் கண்ணாடி முறியும். என் பென்சில் கோடுகளையும் தேதிகளையும் பொறியாளர் உற்றுப் பார்த்துக் குறித்துக்கொண்டார். இரண்டு கண்ணாடிகள் முறிந்தன.

பிறகு வந்த ஆணை எங்கள் தரப்பு கேட்ட ஆணையன்று. வேலை முழுதும் நிற்க வேண்டும் என்று கேட்டோம். எங்கள் சுவரை ஒட்டிய பகுதியில் மட்டும் தோண்டுவதை நிறுத்துமாறு நீதிமன்றம் சொன்னது. அங்கே இரும்புத் தகடுகளை ஆழ இறக்கி, முட்டுக் கொடுத்து, மண்ணைத் தாங்கச் செய்ய வேண்டும். பொறியாளர் பார்த்து எழுதிக் கொடுத்தபின் தொடரலாம். மறுபுறத்தில் வேலை நடக்கலாம் என்றது. அப்பாவுக்கு ஏமாற்றம். எனக்கும் அன்று ஏமாற்றமே. இன்று எண்ணிப் பார்க்கும்போது அதைவிடச் சிறந்த ஆணை எனக்குத் தோன்றவில்லை. யார் குற்றவாளி என்று நீதிமன்றம் சொல்லவே இல்லை. திருத்த முடியாத தவறு எந்தப் பக்கம் இருந்ததோ அந்தப் பக்கத்தை மட்டும் அடைத்தது. தொழிலாளர் மறுபுறத்தில் வேலை செய்தார்கள். ஐந்து வாரங்களில் முட்டு நின்றது, வெடிப்பும் நின்றது. சுவரைப் பழுது பார்க்கும் செலவை நிறுவனம் ஏற்க, வழக்கு சமரசத்தில் முடிந்தது.

ஒப்பந்தம் உள்ள இடத்தில்

எங்களுக்கும் அவர்களுக்கும் இடையே ஒப்பந்தம் எதுவும் இல்லை. ஆதலால் அது சாதாரண உரிமையியல் வழக்கு. நிறுவனங்களுக்கிடையே கட்டட ஒப்பந்தம் பற்றியோ, வணிகத்திற்கே பயன்படும் இடத்தின் ஒப்பந்தம் பற்றியோ எழும் வழக்குகளுக்கு வேறு வழி உண்டு. 2015-ஆம் ஆண்டு வணிக நீதிமன்றச் சட்டம் அவற்றைத் தனியே பிரித்தது. முதலில் ஒரு கோடி ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள வழக்குகளே அதன்கீழ் வந்தன. 2018-இல் அந்த அளவு 3 இலட்சமாகக் குறைக்கப்பட்டது. அவ்வாண்டிலேயே, வழக்குக்கு முன் சமரசப் பேச்சு நடத்த வேண்டும் என்ற விதியும் சேர்ந்தது. அது கட்டாயம் என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அவசரத் தடை கேட்கும் வழக்குக்கு மட்டும் விலக்கு உண்டு. சமரசத்தைத் தவிர்ப்பதற்காகவே ‘அவசரம்’ என்று வேடம் போடுவோரை நீதிமன்றம் கவனிக்க வேண்டும் என்று 2023-இல் அந்நீதிமன்றம் எச்சரித்தது.

பெரிய கட்டட ஒப்பந்தங்களில் தகராறுகளை நடுவரிடம் விட வேண்டும் என்ற விதி பெரும்பாலும் இருக்கும். நடுவர் அமரும் வரை யார் காப்பது? 1996-ஆம் ஆண்டு நடுவர் சட்டத்தின் 9-ஆம் பிரிவுப்படி நீதிமன்றம் இடைக்காலப் பாதுகாப்புத் தரலாம். பெற்றவர் அதை வைத்துக்கொண்டு உறங்க முடியாது. 90 நாட்களுக்குள், அல்லது நீதிமன்றம் நீட்டித்துத் தரும் காலத்திற்குள், நடுவர் விசாரணையைத் தொடங்க வேண்டும்.

நெடுஞ்சாலை, மின்சாரம், குடிநீர் போன்ற பொதுப் பணிகளில் நிலை மாறுகிறது. அங்கே தடையால் துன்புறுவோர் வழக்கில் இல்லாத மக்கள். 1998-ஆம் ஆண்டு இறுதியில் ரௌனக் இன்டர்நேஷனல் வழக்கில், மின் நிலைய வேலை பற்றிய போட்டியாளர் சண்டையில், இத்தகைய தடைகளால் பொதுமக்களுக்கு ஏறும் செலவை எடைபோட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 2018-இல் தனிநிலைத் தீர்வுச் சட்டமே திருத்தப்பட்டது. அட்டவணையில் உள்ள அடிப்படைக் கட்டமைப்புப் பணிகளைத் தடுக்கவோ தாமதப்படுத்தவோ செய்யும் தடையை வழங்கக் கூடாது என்று 20ஏ, 41 ஆகிய பிரிவுகளில் எழுதப்பட்டது. பாதிக்கப்பட்டவர் இழப்பீடு கேட்கலாம். வேலையை நிறுத்த இயலாது.

மீறினால், பொய்த்தால்?

தடையை மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம். அவரை மூன்று மாதம் வரை உரிமையியல் சிறையில் வைக்கலாம். சட்டத்தின் இந்தப் பல் கூர்மையானது. மறுபுறத்துப் பல்லோ மழுங்கியது. போதிய காரணமின்றித் தடை வாங்கிப் பிறரை முடக்கியவரிடமிருந்து நடைமுறைச் சட்டத்தின் 95-ஆம் பிரிவுப்படி அதே நீதிமன்றம் வாங்கித் தரக்கூடிய இழப்பீடு அதிகபட்சம் 50,000 ரூபாய். இன்றைய கட்டடத் தொழிலில் அது மிகச் சிறு தொகை. தடை கொடுக்கும்போதே ‘பின்னால் தவறென்று தெரிந்தால் நட்டம் கொடுப்பேன்’ என்ற உறுதியை நீதிமன்றம் கேட்டு வாங்கலாம். அப்படிச் செய்வது எல்லா இடத்திலும் வழக்கமாக வேண்டும் என்பது என் கருத்து. இல்லையேல் காலமே ஆயுதமாகிவிடும். வழக்கில் வெல்ல வேண்டும் என்பதற்காகத் தடை வாங்குவோர் உண்டு. எதிரி களைத்துப் பணம் கொடுக்க வேண்டும் என்பதற்காக வாங்குவோரும் உண்டு.

நமக்கு என்ன?

மாணவர்களாகிய நமக்கு இதனால் என்ன பயன் என்று கேட்கலாம். நம்மிற் பலர் சிறு கடையோ பட்டறையோ உணவு விடுதியோ நடத்தும் குடும்பங்களிலிருந்து வந்தவர்கள். நம் பெற்றோருக்கு இந்நகரத்தின் மொழியும் நீதிமன்றத்தின் மொழியும் அயலானவை. வீட்டில் படித்த பிள்ளை நாமே. எனவே சிலவற்றைச் செய்யலாம். பத்திரங்களையும் வரி ரசீதுகளையும் ஓரிடத்தில் சேர்த்து வைக்கச் சொல்லுங்கள். பக்கத்தில் வேலை தொடங்கினால் முதல் நாளே உங்கள் சுவர்களைத் தேதியுடன் படம் எடுத்து வையுங்கள். குறை கண்டால் எழுத்தில் கொடுங்கள். தாமதிக்காதீர்கள். நம்மிடம் உள்ள குறையை நாமே முதலில் சொல்லிவிடுங்கள்.

ஆய்வுக்கூடத்தில் ஓர் அளவு ஐயமாக இருந்தால் நூறு முறை அளந்து பார்க்கலாம். அதுவரை முடிவை ஒத்திப்போடலாம். நீதிபதிக்கு அந்தச் சலுகை இல்லை. மழை பெய்கிறது, பள்ளம் ஆழமாகிறது, அவர் இன்றே சொல்லியாக வேண்டும். எந்தத் தவறைத் திருத்த முடியும் என்று கேட்டு அவர் சொல்லும் ‘நில்’ என்னும் சொல்லைத் தீர்ப்பென்று மயங்காதிருப்போம்.

எங்கள் அச்சகச் சுவரில் வெடிப்பைப் பூசிவிட்டார்கள். பென்சில் கோடுகள் இருந்த இடத்தில் இப்போது வெள்ளையடித்திருக்கிறது. சாய்ப்பு இருந்த இடம் வெறுமையாக இருக்கிறது. பெரியப்பா அதற்குப் பிறகு அங்கே எதையும் கட்டவில்லை.